ஆற்று மணல் கடத்தியதாகச் சந்தேகித்துப் பிடித்த லாரியைச் சட்டப்படி மீட்க முடியுமா?

மாமாவின் டிப்பர் லாரி மூன்று வாரமாகக் காவல் நிலைய வாசலில் நிற்கிறது, "பறிமுதல் ஆகிவிட்டது, இனி வராது" என்று தரகர் ஒருவர் சொல்கிறார் என்று கேட்டிருக்கிறீர்கள். முடியும். முதலில் அந்தத் தரகரை விடுங்கள்.

மாதவரத்தில் என் அப்பாவுக்கு இருந்தது ஒரே ஒரு லாரி. 2024 இறுதியில் எம்-சாண்ட் (கல்லை உடைத்துச் செய்யும் மணல்) ஏற்றி வரும்போது டயர் வெடித்து, லோடைக் கொண்டுபோவதற்கான அனுமதியான நடைச்சீட்டில் இருந்த நேரம் தாண்டிவிட்டது. ஈரமாக இருந்த லோடை ஆற்று மணல் என்று சந்தேகித்து இரவோடு இரவாக வண்டியைப் பிடித்தார்கள். "அபராதம் கட்டினால் விட்டுவிடுவார்கள்" என்று பலர் சொன்னதைக் கேட்டு ஐந்து வாரத்தை வீணாக்கினோம். மழையில் பேட்டரி போயிற்று, டயர்கள் வெடிப்பு விட்டன. தவணை மட்டும் நிற்கவில்லை.

வழக்கறிஞர் எங்களுக்கு முதலில் புரியவைத்தது ஒரு சொல்லை. செய்தித்தாள்கள் எல்லாவற்றையும் 'பறிமுதல்' என்றே எழுதுகின்றன. ஆனால் 1957-ஆம் ஆண்டின் சுரங்கங்கள் மற்றும் கனிமங்கள் சட்டத்தில் 21(4) பிரிவின்படி அதிகாரி செய்வது வண்டியைக் கைப்பற்றுவது மட்டுமே. அதை நிரந்தரமாக அரசுடைமை ஆக்குவது 21(4ஏ) பிரிவு. அதற்கு நீதிமன்ற உத்தரவு வேண்டும். காவல் ஆய்வாளரோ வட்டாட்சியரோ அதைத் தாமாகச் செய்ய முடியாது. அந்த உத்தரவு வரும்வரை வண்டி உங்கள் மாமாவுடையதுதான்.

ஆகவே முதல் தகவல் அறிக்கையின் நகலை வாங்கிப் பிரிவுகளைப் பாருங்கள். பெரும்பாலும் கனிமச் சட்டத்தோடு, பழைய இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் திருட்டுப் பிரிவும் (303) சேர்ந்திருக்கும். இரண்டையும் சேர்த்துப் போடலாம் என்று 2014-இல் உச்ச நீதிமன்றம் டெல்லி அரசு எதிர் சஞ்சய் வழக்கில் சொல்லிவிட்டது. அபராதக் கதை உடைவது இங்கேதான். 23ஏ பிரிவின்படி பணம் கட்டிச் சமரசம் செய்துகொண்டால் கனிமச் சட்ட வழக்கு முடியும். திருட்டு வழக்கு முடியாது. 2020-இல் ஜெயந்த் வழக்கில் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு இதைத் தெளிவாக்கியிருக்கிறது. எனவே பணம் கட்டும் முன் வழக்கறிஞரைக் கேளுங்கள்.

வண்டியை வழக்கு முடியும்வரை ஒப்படைக்கக் கோரும் மனு பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்ற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 497, 503 பிரிவுகளின் கீழ் வரும். கனிமச் சட்டக் குற்றம் இருந்தால், மாவட்ட நீதிபதி தகுதியுள்ளவர் அமரும் சிறப்பு நீதிமன்றம்தான் பெரும்பாலும் உரிய இடம். நாங்கள் தவறான நீதிமன்றத்தில் போட்டதால் மனு திரும்பி வந்தது. 2018 அக்டோபரில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை மணல் வண்டிகளை எளிதில் விடக்கூடாது என்று கடுமையான உத்தரவு பிறப்பித்தது. அரசுத் தரப்பு அதைக் காட்டும். நம் பக்கம் உச்ச நீதிமன்றத்தின் 2002-ஆம் ஆண்டு சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் தீர்ப்பு இருக்கிறது: வண்டிகளைக் காவல் நிலையத்தில் நெடுநாள் கிடக்கவிடாமல், புகைப்படம் எடுத்து, பிணை வாங்கிக்கொண்டு உரிமையாளரிடம் கொடுக்கலாம் என்பது அதன் சாரம்.

மனுவோடு ஆர்.சி. புத்தகம், காப்பீடு, பெர்மிட், நடைச்சீட்டு, கிரஷர் (கல் உடைக்கும் ஆலை) ரசீது எல்லாவற்றையும் வையுங்கள். கடன் இருந்தால் நிதி நிறுவனத்தின் கடிதமும் வேண்டும். லோடின் மாதிரியை ஆய்வுக்கு அனுப்பக் கேளுங்கள். எங்கள் வழக்கைத் திருப்பியது அந்த அறிக்கைதான். கல் உடைத்த மணல் என்று வந்தது. வண்டியின் இன்றைய நிலையைத் தேதியோடு படம் எடுத்து வைப்பதும் அவசியம்.

ஒன்றை நேராகக் கேட்கிறேன். லோடு ஆற்று மணலாக இருந்தால், அது மாமாவுக்கு உண்மையிலேயே தெரியாதா? என் அம்மாவின் ஊர் மீஞ்சூர். அங்கே கிணற்று நீர் உப்பாகிப்போனதைப் பார்த்து வளர்ந்தவன் நான். ஆற்றில் மணல் இருந்தால்தான் நிலத்துக்குள் நல்ல நீர் இறங்கும். தெரிந்தே அள்ளியிருந்தால், மனுவில் பொய் எழுதச் சொல்லாதீர்கள். குறுக்கு விசாரணையில் ஓட்டுநர்தான் மாட்டிக்கொள்வார்.

வண்டி கிடைக்கும்போது நிபந்தனைகள் இருக்கும்: விற்கக்கூடாது, நிறம் மாற்றக்கூடாது, கூப்பிட்டால் கொண்டுவர வேண்டும். எங்களிடம் சொத்துப் பிணையும் கேட்டார்கள். பெரியப்பா தன் வீட்டுப் பத்திரத்தைக் கொடுத்தார். அதற்கு யார் இருக்கிறார்கள் என்று இன்றே பேசி வையுங்கள்.