தாத்தா சொல்வது சரிதான்

கேள்வி: என் தாத்தாவுக்கு 80 வயது. 1971 இந்தியா-பாகிஸ்தான் போரில் கிழக்குப் பக்கம் ‘நாட்’ என்ற போர் விமானம் ஓட்டியவர். இத்தனை வருஷம் வாயே திறக்காதவர், பாட்டி போன பிறகு தினமும் போர்க்கதை சொல்கிறார். போர் டிசம்பரில் தொடங்கியது என்று படித்திருக்கிறேன். அவரோ நவம்பரிலேயே வானில் சண்டை நடந்தது என்கிறார். ஞாபகம் பிசகுகிறதோ என்று அப்பாவுக்குக் கவலை. ஒரு நண்பரின் பெயர் வந்தால் மட்டும் பேச்சை நிறுத்திவிட்டு, செடிக்குத் தண்ணீர் ஊற்றப் போய்விடுகிறார். பேச விடலாமா, பேச்சை மாற்றுவதா?
– ஒரு பேத்தி, தாம்பரம்

பதில்: முதலில் அப்பாவிடம் சொல்லுங்கள், தாத்தா சொல்வது சரி. பாகிஸ்தான் நம் விமானத்தளங்களைத் தாக்கி முழுப் போர் மூண்டது டிசம்பர் 3-ஆம் தேதி. ஆனால் நவம்பர் 22-ஆம் தேதி பிற்பகலிலேயே கல்கத்தா டம் டம் தளத்திலிருந்து கிளம்பிய நான்கு நாட் விமானங்கள், கிழக்கு எல்லையை ஒட்டிய போய்ரா அருகே பாகிஸ்தானின் சேபர் போர் விமானங்களை மறித்துச் சுட்டன. பாராசூட்டில் குதித்த இரண்டு விமானிகள் நம்மிடம் பிடிபட்டார்கள். இதை அவரிடமே போய்ச் சொல்லுங்கள். அவர் முகத்தைப் பாருங்கள்.

பேச விடுங்கள். தாராளமாக. 'எத்தனை விமானத்தைச் சுட்டீங்க' என்று மட்டும் ஆரம்பிக்காதீர்கள். அவருடைய பறப்புப் பதிவேடு, அதான் லாக் புக், வீட்டில் இருந்தால் எடுத்து மடியில் வையுங்கள். பறந்த ஒவ்வொரு தடவைக்கும் தேதி, விமான எண், எவ்வளவு நேரம் என்று அதில் இருக்கும். ஒரு வரியில் விரலை வைத்து, 'அன்னிக்குக் காலையில என்ன சாப்பிட்டீங்க?' என்று கேளுங்கள். நாட் ரொம்பச் சின்ன விமானம், இறக்கை முனைக்கு முனை 22 அடிதான். சேபருக்கு 37 அடி. அந்தக் குட்டிக் காக்பிட்டில் எப்படி உட்கார்ந்தார், உள்ளே சூடா குளிரா என்று கேளுங்கள். மற்றது தானாக வரும்.

செல்போனில் குரலை மட்டும் பதியாதீர்கள், வீடியோவாக எடுங்கள். போர் விமானிகள் கையால்தான் கதை சொல்வார்கள். இடது உள்ளங்கை சேபர், வலது உள்ளங்கை நாட், ஒன்று திரும்பினால் மற்றது சாய்ந்து பின்னால் வரும். கேமராவில் கை இரண்டும் விழட்டும்.

தூக்கத்தில் அலறுவது, சாப்பாடு குறைவது என்று ஏதாவது தெரிந்தால் தள்ளிப்போடாமல் டாக்டரிடம் காட்டுங்கள். முன்னாள் படைவீரர்களுக்கான மருத்துவத் திட்டமான இ.சி.எச்.எஸ்.-இன் பாலிகிளினிக் இருக்கிறது.

அப்புறம் அந்த நண்பர். அவரைப் பற்றி நீங்களாகக் கேட்க வேண்டாம். தாத்தா எழுந்தால் நீங்களும் எழுந்து, பக்கெட்டைத் தூக்கிக்கொண்டு கூடவே செடிப் பக்கம் போங்கள். அவராக ஒருநாள் அந்தக் கதையைச் சொல்லி, நண்பர் போரில் இறந்தவர் என்று தெரிந்தால், டெல்லி தேசியப் போர் நினைவிடத்தின் கல்சுவரில் நம் வீரர்களின் பெயர்களைப் பொறித்திருக்கிறார்கள், போய்ப் பார்க்கலாமா தாத்தா என்று கேளுங்கள். வருகிறேன் என்றால் குளிர்காலம் முடிந்ததும் கூட்டிப் போங்கள்.