கடை லைசென்ஸ் ரத்து: நேராக ஹைகோர்ட் போகலாமா?
தக்கலையில் கடை, நகராட்சி லைசென்ஸை ரத்து செய்துவிட்டது, என்ன வழி என்று கேட்டிருக்கிறீர்கள். குமரி மாவட்டத்துக்கு ஹைகோர்ட்டின் மதுரைக் கிளைதான், அரசியலமைப்புச் சட்டத்தின் 226-வது பிரிவில் ரிட் மனு (அரசு அமைப்பின் உத்தரவை எதிர்த்து நேராக ஹைகோர்ட்டில் போடும் மனு) போடலாம். ஆனால் மேல்முறையீட்டுக்குச் சட்டத்தில் இடம் இருந்தால் முதலில் அங்கே போகச் சொல்வார்கள். நோட்டீஸே தராமல் ரத்து செய்திருந்தாலோ, கையெழுத்துப் போட்டவருக்கு அந்த அதிகாரமே இல்லையென்றாலோ நேராக வரலாம் என்று 1998-ல் வேர்ல்பூல் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

உங்கள் பக்கம் நியாயமா என்பதைவிட, முடிவெடுத்த விதத்தைத்தான் நீதிபதி பார்ப்பார். அதனால் உத்தரவை எடுத்து வாசியுங்கள்: வெறும் 'விதிமீறல்' என்று முடிகிறதா, நீங்கள் கொடுத்த பதிலைப் பற்றி ஒரு வரியாவது இருக்கிறதா? அதில் இல்லாத காரணத்தை நகராட்சி அப்புறம் கோர்ட்டில் சேர்த்துச் சமாளிக்க முடியாது (மொஹிந்தர் சிங் கில் வழக்கு, 1978). சரி, ஜெயித்தாலும் பல நேரம் மறுபடி விசாரிக்கச் சொல்லி நகராட்சிக்கே திருப்பி அனுப்புவார்கள், அவ்வளவுதான். மனுவோடு, வழக்கு முடியும்வரை ரத்து உத்தரவை நிறுத்திவைக்க இடைக்காலத் தடையும் கேளுங்கள்.