மெரினாவில் எடுத்த ரீல்ஸ்: தூக்கித் தருகிறேன் என்பவருக்குக் காசு கொடுக்கலாமா?

கேள்வி: ஞாயிறு மாலை மெரினா அலையில் நின்ற என் தங்கையை யாரோ வீடியோ எடுத்து இன்ஸ்டாகிராமில் ரீல்ஸாகப் போட்டிருக்கிறான். கேட்காமல் எடுத்ததே குற்றம்தானே? 8,000 ரூபாய் கொடுத்தால் ஒரே நாளில் தூக்கிவிடுவதாக ஒருவர் சொல்கிறார். கொடுக்கலாமா?
– வாசகர், ராயப்பேட்டை

பதில்: ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள். இன்ஸ்டாகிராமின் பூட்டுக்கு அவரிடம் தனிச்சாவி கிடையாது. நீங்கள் இலவசமாக அழுத்தக்கூடிய ‘ரிப்போர்ட்’ பொத்தானைத்தான் அவரும் அழுத்துவார். சிலர் போட்டவனுக்கே கூட்டாளி. தங்கையின் பாஸ்வேர்டு, ஓடிபி கேட்டால் பேச்சை அங்கேயே வெட்டுங்கள்.

பொது இடத்தில் கேட்காமல் படம் எடுப்பது மட்டுமே குற்றம் என்று இங்கே தனிச் சட்டம் இல்லை. அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று 2017-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது பெரிய விஷயம்தான். அதை மட்டும் சொன்னால் ஸ்டேஷனில் உட்காரக்கூடச் சொல்ல மாட்டார்கள்.

எதை எடுத்தான் என்று பாருங்கள். கூட்டத்தில் தங்கையும் தெரிகிறார் என்றால் வழக்கு நிற்பது கஷ்டம். அலையில் உடை விலகிய நேரம் பார்த்து, உள்ளாடை தெரிய மார்பையோ பின்புறத்தையோ ஜூம் செய்து போட்டிருந்தால் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66இ பிரிவு வரும்: 3 ஆண்டு வரை சிறை, 2 லட்சம் வரை அபராதம், அல்லது இரண்டும். ‘பீச்சுக்கு வந்தா அப்படித்தான்’ என்பார்கள், கேட்காதீர்கள். பொது இடமானாலும் இந்தப் பிரிவு செல்லும். உடலின் அந்தப் பகுதி பிறர் கண்ணில் படாது என்று தங்கை நம்ப நியாயம் இருந்தால் போதும். வெறும் ஈரச் சுடிதார் என்றால் இதில் வருவது சந்தேகம், அதையும் சொல்லிவிடுகிறேன். ஆபாசமாக எழுதியிருந்தால் அதற்கு வேறு பிரிவு இருக்கிறது.

புகார் கொடுக்கும் முன்பே ரீல்ஸின் லிங்க், கணக்கின் பெயர், தேதி தெரியும் ஸ்கிரீன்ஷாட் எல்லாவற்றையும் எடுத்துவையுங்கள். அவனிடம் கமெண்டில் சண்டை போட்டால் அழித்துவிட்டுப் போய்விடுவான், கையில் ஒன்றும் மிஞ்சாது. அப்புறம் இன்ஸ்டாகிராமின் இந்தியக் குறைதீர்ப்பு அலுவலருக்கு எழுதுங்கள். அந்தரங்க உறுப்பு தெரியும் படமென்றால் விதிகள் அவர்களுக்கு மணிக்கணக்கில்தான் அவகாசம் தருகின்றன.

கடைசியாக ஸ்டேஷன். ‘சைபர் கிரைமுக்குப் போங்க’ என்பார்கள், அங்கே போனால் ‘லோக்கல்ல குடுங்க’ என்பார்கள். இந்தப் பந்தாட்டத்தைப் பார்த்து எனக்கே அலுத்துவிட்டது. எந்த எல்லை என்றாலும் புகாரை வாங்கியே ஆக வேண்டும். ‘இன்ஸ்பெக்டர் இல்லை, நாளைக்கு வாங்க’ என்பதும் சாக்குதான். விசாரிக்கத்தான் இன்ஸ்பெக்டர் வேண்டும், மனு வாங்க அல்ல. புகாரை வாங்கியதற்கான சி.எஸ்.ஆர். ரசீது கைக்கு வராமல் அங்கிருந்து கிளம்பாதீர்கள்.