ஃபின்லாந்து எழுத்தாளர்களில் சினிமாவோடு தொடர்புள்ள யாரையாவது பற்றிச் சொல்ல முடியுமா?

பலரும் அகி கௌரிஸ்மாகியின் பெயரைச் சொல்வார்கள், அவர் தன் கதையைத் தானே எழுதி இயக்குகிறவர் என்பதால் அது சரிதான். எனக்கு இந்தக் கேள்வியைப் பார்த்ததும் ஞாபகம் வந்தவர் ஹெல்லா வுவோலியோகி. நாடகாசிரியர். அவர் நாடகங்களை நம்பியே ஃபின்னிஷ் சினிமா பல வருடம் பெரிய பெரிய படங்களை எடுத்தது.

நான் அவரிடம் போய்ச் சேர்ந்தது ஒரு அமெரிக்கப் படம் வழியாக. 1947-ல் வந்த 'தி ஃபார்மர்ஸ் டாட்டர்'. பண்ணைக் குடும்பத்துப் பெண் ஒருத்தி ஒரு அரசியல் குடும்பத்தில் வீட்டு வேலைக்குச் சேர்ந்து, கடைசியில் தேர்தலில் நிற்கிற கதை. லொரெட்டா யங்குக்குச் சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் வாங்கித் தந்த படம். அது 'யூராகோன் ஹுல்தா' என்ற 1937-ஆம் வருட ஃபின்னிஷ் நாடகத்திலிருந்து எடுக்கப்பட்டது என்று அப்புறம்தான் தெரிந்தது. எழுதியவர் பெயரைத் தேடினால் யுஹானி தெர்வபா என்று ஓர் ஆண் பெயர் வருகிறது. அப்படி ஓர் ஆளே கிடையாது, அது ஹெல்லாவின் புனைபெயர்!

ஏன் மறைக்க வேண்டியிருந்தது? ஹெல்லா 1886-ல் எஸ்டோனியாவில் பிறந்து, 1904-ல் படிக்க ஹெல்சிங்கி வந்து அங்கேயே தங்கிவிட்டவர். வெளிப்படையான இடதுசாரி. 1918 உள்நாட்டுப் போரில் இடதுசாரிகளை எதிர்த்த தரப்பு ('வெள்ளையர்' என்பது அதன் பெயர்) ஜெயித்த நாட்டில், அந்தப் போரைப் பற்றியே 1933-ல் ஒரு நாடகம் எழுதிச் சிக்கலில் மாட்டினார். அதற்கப்புறம் சொந்தப் பெயரில் மேடை கிடைப்பது கஷ்டம். அதனால் 1936-ல் 'நிஸ்கவுவோரியின் பெண்கள்' ஹெல்சிங்கியில் மேடையேறியபோது தெர்வபா என்ற பெயரில் ஏறியது, பெரிய வெற்றியும் பெற்றது. எழுதியது யார் என்ற ரகசியம் வெகுநாள் நிற்கவில்லை, ஆனால் பெயர் நின்றுவிட்டது.

வாலந்தின் வாலா என்ற இயக்குநர் 1937-ல் ஹுல்தாவையும் 1938-ல் நிஸ்கவுவோரியையும் படமாக எடுத்தார். ஹுல்தா கிராமத்திலிருந்து வேலை தேடி ஹெல்சிங்கிக்கு வருகிறாள், பெரிய மனிதர் ஒருவர் வீட்டில் வேலைக்காரியாகச் சேர்கிறாள், வேலை பார்த்துக்கொண்டே படிக்கிறாள். பெண்கள் ஓட்டுப் போடவும் தேர்தலில் நிற்கவும் 1906-லேயே உரிமை பெற்று, அடுத்த வருடமே 19 பெண்கள் நாடாளுமன்றத்துக்குப் போன நாடு அது, ஹெல்லா அதை ஹெல்சிங்கியில் இருந்து நேரில் பார்த்தவர். அந்த நாட்டிலும் சமையலறையில் நிற்கிற பெண்ணின் நிலைமை என்ன என்பதைத்தான் அவர் எழுதினார்.

ஆனால் எனக்கு மனதில் நிற்பது நிஸ்கவுவோரி. ஒரு பெரிய பண்ணை, ஒரே குடும்பம், ஐந்து நாடகங்கள். முதல் நாடகத்தில் பண்ணையின் வாரிசு ஆர்னே மனைவியை விட்டுவிட்டுப் புதிதாக வந்த டீச்சர் இலோனாவைக் காதலிக்கிறான். ஊர் முழுக்க அது எப்படிப் பரவுகிறது தெரியுமா? டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் உட்கார்ந்திருக்கும் சாந்த்ரா எல்லார் பேச்சையும் ஒட்டுக்கேட்கிறாள்! இதில் குடும்ப மானத்தைக் காக்கப் பிடிவாதமாக நிற்கும் கிழவி, ஆர்னேயின் அம்மா லோவீசா. நமக்கு அவள் மேல் கோபம்தான் வரும். நாலு வருடம் கழித்து ஹெல்லா காலத்தைப் பின்னால் திருப்பி, அதே லோவீசாவை இளம் மருமகளாக எழுதினார். அவள் கொண்டுவந்த பணத்துக்காகக் கட்டிக்கொண்ட புருஷன், மனசு முழுக்க மாட்டுக்கொட்டகையில் வேலை செய்யும் மல்வீனாவிடம். இதை 'லோவீசா' என்று 1946-ல் வாலாவே படமாக்கினார், எம்மா வானனென் நடித்தது. இதைப் பார்த்த பிறகு முதல் கதையின் கிழவியை என்னால் வெறுக்கவே முடியவில்லை.

ஹெல்லாவின் வாழ்க்கையே தனிப் படம். மர வியாபாரம் செய்தார், மார்லேபெக் என்ற பண்ணையை வாங்கினார். ஹிட்லருக்குப் பயந்து நாடு நாடாக ஓடிக்கொண்டிருந்த ஜெர்மன் நாடகாசிரியர் பெர்டோல்ட் பிரெக்ட் 1940 கோடையில் அங்கேதான் தங்கினார், ஹெல்லா சொன்ன கதைகளையும் எழுதி வைத்திருந்த ஒரு கதையையும் வைத்து உருவானதுதான் பிரெக்டின் புகழ்பெற்ற நாடகம் 'புந்திலா'. 1943-ல், பாராசூட்டில் இறங்கிய ஒரு சோவியத் உளவுப்பெண்ணுக்கு உதவினார் என்று கைது, ஆயுள் தண்டனை. 1944-ல் சோவியத்தோடு போர்நிறுத்தம் வந்ததும் விடுதலை. அடுத்த வருடமே ஃபின்லாந்து வானொலியின் தலைவர் பதவி, 1949 வரை! சிறையிலிருந்து நேராக அந்த நாற்காலிக்கு என்று சொன்னால் யாராவது நம்புவார்களா?

இன்னொரு விஷயம், இவருடைய தங்கை சல்மே, இந்திய வம்சாவளி பிரிட்டிஷ் கம்யூனிஸ்ட் ரஜனி பாமே தத்தின் மனைவி.

ஹெல்லா 1954-ல் காலமானார், அந்த வருடமே எட்வின் லைனே இயக்கிய 'ஆர்னே நிஸ்கவுவோரி' வெளிவந்தது. பார்க்க ஆரம்பிப்பதென்றால் 1938 படத்தை முதலில் பாருங்கள், அப்புறம் 'லோவீசா'. கதையின் கால வரிசைப்படி பார்த்துவிடாதீர்கள், அந்தக் கிழவி மேல் உங்களுக்கு முதலில் கோபம் வர வேண்டும்.