உழைப்பைப் பாடிய தமிழ்க் கவிதை: வாசகர் கேள்விகளும் பதில்களும்

கேள்வி: சங்க இலக்கியத்தில் திரும்பிய பக்கமெல்லாம் அரசனும் காதலும்தான். கூலிக்காரனுக்கு அங்கே இடம் உண்டா தோழர்?

உண்டு. ஆனால் நேராக வரமாட்டான், உவமைக்குள் ஒளிந்து வருவான். புறநானூறு 82ஐ எடுத்துப் பாருங்கள். பாடியவர் சாத்தந்தையார். பாட வந்த விஷயம் போரவைக் கோப்பெருநற்கிள்ளியின் மற்போர். ஏழே வரிப் பாட்டு, அதில் முதல் நான்கு வரி அரசனைப் பற்றியதே இல்லை.

ஊரில் திருவிழா தொடங்கிவிட்டது. வீட்டில் மனைவிக்குப் பேறுகால வலி. மழை வேறு. பொழுதும் சாய்கிறது. இத்தனைக்கும் நடுவில் ஒருவன் உட்கார்ந்து கட்டிலுக்கு வார் பின்னிக்கொண்டிருக்கிறான். அவன் கையில் இருக்கும் ஊசி என்ன வேகத்தில் ஓடும்? அதைவிட விரைவாக முடிந்ததாம் சண்டை. கையில் எடுத்த வேலையை முடிக்காமல் வீட்டுக்குப் போக முடியாதவனுடைய மாலை நேரம் இது. இதைவிடச் சுருக்கமாக அதை எழுதிய கவிதையை நான் படித்ததில்லை.

இன்னொன்றையும் மறைக்கக் கூடாது. அதே பாட்டு அவனை ‘இழிசினன்’ என்றுதான் குறிப்பிடுகிறது. கையை அவ்வளவு கூர்ந்து பார்த்த கண், ஆளைக் கீழேதான் வைத்திருக்கிறது. பாட்டை ரசிக்கும்போது இதையும் சேர்த்தே படிக்க வேண்டும்.

அப்புறம் குறுந்தொகை 330. துணிக்குப் பசை தோய்த்து, அடித்துத் துவைத்து, குளத்து நீரில் போட்ட பின்னும் பிரியாமல் கிடக்கிற முறுக்கு. பகன்றைப் பூ அப்படி இருந்ததாம். துணி வெளுக்கும் பெண்ணின் வேலையைப் பக்கத்தில் நின்று பார்க்காதவருக்கு அந்த முறுக்கு கண்ணில் பட்டிருக்காது. புறநானூறு 87இல் ஔவையார் காட்டுகிற தச்சன் ஒரு நாளில் எட்டுத் தேர் செய்யக்கூடியவன். அப்பேர்ப்பட்டவன் ஒரு மாதம் உட்கார்ந்து செய்த ஒற்றைச் சக்கரம்தான் அதியமானுக்கு உவமை.

கேள்வி: திருக்குறளின் ‘உழவு’ அதிகாரத்தை உழைப்பாளர் கவிதை என்று சொல்லலாமா ஐயா?

பாதி சொல்லலாம். உழவுக்கு அவ்வளவு பெருமை கொடுத்த நூல் குறைவு, மறுக்கவில்லை. ஆனால் 1039ஆம் குறளில் நிலம் யாரோடு ஊடுகிறது என்று பாருங்கள். தினமும் போய்ப் பார்க்காத ‘கிழவன்’, அதாவது நிலத்துக்கு உரியவனோடு. கூலிக்கு நாற்று நடுகிறவளோடு நிலத்துக்கு ஊடல் இல்லை. அவள் அந்த அதிகாரத்துக்குள் வரவே இல்லை.

கேள்வி: வேலைப் பாட்டுக்கும் வேலையைப் பற்றிய கவிதைக்கும் என்ன வித்தியாசம்?

வேலைப் பாட்டு வேலையின் ஒரு பகுதி. பாட்டு நின்றால் கை தடுமாறும். ஏற்றப்பாட்டு, அதாவது ஏற்றம் வைத்துக் கிணற்று நீர் இறைப்பவர் பாடுவது. அதில் ஒரு வரியின் நீளத்தைத் தீர்மானிப்பது இலக்கணம் இல்லை, சால் என்கிற இறைகலம் கிணற்றுக்குள் இறங்கி நீரோடு ஏறி வருகிற நேரம். எத்தனை சால் இறைத்தாயிற்று என்ற கணக்கும் பாட்டுக்குள்ளேயே ஓடும்.

கம்பரைப் பற்றி ஒரு கதை சொல்வார்கள். ஏற்றம் இறைப்பவர் ‘மூங்கில் இலைமேலே தூங்கும் பனிநீரே’ என்று பாடிவிட்டு அன்றைய வேலையை முடித்துக்கொண்டு போய்விட்டாராம். அடுத்த வரி என்னவாக இருக்கும் என்று கம்பருக்கு இரவெல்லாம் தூக்கம் இல்லை. மறுநாள் காலை போய் நின்றால், ‘தூங்கும் பனிநீரை வாங்கும் கதிரோனே’ என்று வந்ததாம். கதை நடந்ததோ இல்லையோ, பாட்டின் கட்டமைப்பைப் பாருங்கள். முதல் வரியின் வால் அடுத்த வரியின் தலையாகிறது. புதிதாக யோசிக்க வேண்டிய சொல் பாதிதான், மூச்சு மீதியாகிறது. புலவர்கள் அந்தாதி என்று அழகுக்குச் செய்ததை இறைப்பவர் தேவைக்குச் செய்திருக்கிறார்.

கேள்வி: பாரதி பிஜித் தீவுக்குப் போனதே இல்லை. பிறகு எப்படி ‘கரும்புத் தோட்டத்திலே’ எழுதினார்? நேரில் பார்க்காமல் எழுதுவது சரியா?

போகவில்லை என்பதை அந்தக் கவிதை மறைக்கவில்லை, அதுதான் அதன் பலம். பிஜிக்கு ஒப்பந்தக் கூலிகளைக் கப்பலேற்றுவது 1879இல் தொடங்கியது. 1903 முதல் சென்னையிலிருந்தும் ஆட்கள் போனார்கள். 1916இல் கடைசிக் கப்பல் போனது. மீதி இருந்த ஒப்பந்தங்களையும் 1920இல் ரத்து செய்தார்கள். பாரதிக்குக் கிடைத்ததெல்லாம் செய்திதான். அதனால் அவர் சாட்சி சொல்ல முனையவில்லை, காற்றைக் கூப்பிட்டுக் கேட்கிறார்: ‘அவர் விம்மி விம்மி விம்மி விம்மியழுங் குரல் கேட்டிருப்பாய் காற்றே’.

நான்கு ‘விம்மி’யையும் வாய்விட்டுப் படித்துப் பாருங்கள். மூன்றாவதிலேயே மூச்சு முட்டும், நான்காவது வேண்டாமே என்று தோன்றும். தோன்றட்டும் என்றுதான் வைத்திருக்கிறார்.

அவருடைய ‘தொழில்’ பாட்டு வேறு ரகம். இரும்பு காய்ச்சுபவர், கரும்பு பிழிபவர், முத்துக் குளிப்பவர் என்று ஒவ்வொருவரையும் கூப்பிட்டு வாழ்த்துகிறது. நல்ல பாட்டுதான். ஆனால் அதில் யாருக்கும் கால் வலிக்காது. என்னைக் கேட்டால் பிஜிப் பாட்டுக்குத்தான் முதலிடம்.

கேள்வி: இலங்கை மலையகப் பாடல்களைப் பற்றிச் சொல்லுங்கள். என் பாட்டி சில வரிகள் பாடுவார், யார் எழுதியது என்று தெரியாது.

யாரும் எழுதவில்லை, எல்லோரும் பாடினார்கள். ‘ஊரான ஊரிழந்தேன், ஒத்தப்பனைத் தோப்பிழந்தேன், பேரான கண்டியிலே பெத்த தாயை நான்மறந்தேன்’ என்பதை உங்கள் பாட்டியும் பாடியிருப்பார், ஓரிரு சொல் மாறியிருக்கலாம். பாடல்களில் ‘கோப்பி’, அதாவது காப்பி, வருகிறதா என்று கவனியுங்கள். இலங்கையில் 1869இல் இலைநோய் கண்டு காப்பித் தோட்டங்கள் அழியத் தொடங்கின. பிறகுதான் தேயிலை மலை முழுக்கப் பரவியது. ஆகவே கோப்பிக் கன்று பேசும் வரிகள் பெரும்பாலும் தேயிலைக்கு முந்தைய தலைமுறையின் நினைவு. தேதி போடாத பாட்டில் பயிரே தேதியாக நிற்கிறது.

இவற்றைத் தேடித் தொகுத்தவர்களில் முக்கியமானவர் சி.வி. வேலுப்பிள்ளை. 1914இல் தோட்டத்திலேயே பிறந்தவர், தொழிற்சங்கக்காரர், 1947இல் தலவாக்கலையிலிருந்து நாடாளுமன்றத்துக்குப் போனவர். பாட்டி இருக்கும்போதே அவர் பாடுவதைப் பதிவு செய்து வையுங்கள். போனில் செய்தாலே போதும்.

கேள்வி: பட்டுக்கோட்டையார் எழுதியது சினிமாப் பாட்டு. அதைக் கவிதை வரிசையில் சேர்ப்பது நியாயமா?

ஏன் சேர்க்கக் கூடாது? 1958இல் வந்த ‘நாடோடி மன்னன்’ படத்தில் ‘காடு வெளைஞ்சென்ன மச்சான், நமக்குக் கையும் காலுந்தானே மிச்சம்’ என்று ஒரு பெண் கேட்கிறாள். உபரி, சுரண்டல் என்று பக்கம் பக்கமாக எழுதுவதை மச்சானிடம் சொல்கிற ஒரு குறையில் வைத்துவிட்டார். 29 வயதில், 1959இல் போய்விட்டார் மனிதர்.

கேள்வி: கோஷம் எப்போது கவிதையாகிறது?

அளவு தெரியும்போது. கவிஞர் இன்குலாபின் ‘மனுசங்கடா’ பாட்டில் சமத்துவம் என்ற சொல்லுக்குப் பதில் ‘எட்டு சாணு உசரம்’ இருக்கிறது. கையை வைத்து அளந்து பார்க்கலாம். அதனால்தான் கூட்டத்தில் பாடினாலும் தனியாகப் படித்தாலும் நிற்கிறது.

கேள்வி: நான் பனியன் கம்பெனியில் செக்கிங் வேலை பார்க்கிறேன். கவிதை எழுதுகிறேன். காட்டினால் ‘மேடைப் பேச்சு மாதிரி இருக்கும்மா’ என்கிறார்கள். என்ன செய்யட்டும் அண்ணா?

அனுப்பியதைப் படித்தேன். ‘வியர்வை முத்து’ இரண்டு இடத்தில் இருக்கிறது, ‘விடியல்’ மூன்று இடத்தில். இந்தச் சொற்களை எல்லோரும் எழுதியாயிற்று, அவற்றில் உங்கள் கம்பெனி இல்லை. எடுத்துவிடுங்கள்.

கடைசியில் போகிற போக்கில் ஒன்று எழுதியிருக்கிறீர்களே: டேமேஜ் பீஸில் ஓட்டை தேடித் தேடி, பஸ்ஸில் முன்சீட்டில் இருப்பவரின் சட்டைத் தையலையும் கண் பார்த்துக்கொண்டே வருகிறது என்று. கவிதை அங்கேதான் இருக்கிறது தங்கச்சி. ஒன்றரை ஷிப்ட் முடிந்த பிறகும் கண்ணுக்கு ஷிப்ட் முடியவில்லை. அதை முதல் வரியாக வையுங்கள், முன்னால் இருக்கிற பதினான்கு வரியும் தேவைப்படாது. கைமடி, ஓவர்லாக், பீஸ் ரேட் என்று நீங்கள் வாயால் சொல்கிற சொற்களை அப்படியே போடுங்கள். அடிக்குறிப்பு வேண்டாம். முறையீடு எழுதக் கூடாது என்று சொல்லவில்லை. வேலையைக் காட்டிவிட்டால் முறையீடு தானே காதில் விழும்.

கேள்வி: தொழிற்சாலைக்குள்ளிருந்து எழுதிய வெளிநாட்டுக் கவிஞர் ஒருவரைச் சொல்லுங்களேன்.

சீனாவின் சூ லிஜி. 1990இல் பிறந்தவர். ஷென்ஜெனில் மின்னணுப் பொருள் தொழிற்சாலையின் அசெம்பிளி வரிசையில் வேலை பார்த்தவர். 2014இல் தற்கொலை செய்துகொண்டார். இரவு ஓவர்டைமில் ஒரு திருகாணி தரையில் விழுகிறது, யாரும் கவனிக்கவில்லை என்று ஒரு சின்னக் கவிதை எழுதியிருக்கிறார். அதைப் படித்துவிட்டு மற்றவற்றுக்குப் போங்கள். அவர் இறந்த செய்தியை மட்டும் வைத்துக்கொண்டு எல்லாக் கவிதையையும் படித்துவிடாதீர்கள், அவர் கவனித்து எழுதியது நிறைய இருக்கிறது.

கேள்வி: எங்கள் சங்கத்தில் மே தினக் கூட்டத்துக்குப் பத்து நிமிடம் கவிதை வாசிக்கச் சொல்லியிருக்கிறார்கள் சார். எதை எடுக்கலாம்?

இந்தியாவின் முதல் மே தினத்தை 1923இல் சிங்காரவேலர் சென்னையில் கொண்டாடினார். அதை ஒரு வரியில் சொல்லிவிட்டு நேராகக் கவிதைக்குப் போய்விடுங்கள். முன்னுரை நீண்டால் பின்வரிசை டீக்குப் போய்விடும். பாரதிதாசனின் ‘சித்திரச் சோலைகளே’ முதலில். பூந்தோட்டத்தைப் பார்த்து, ‘எத்தனை தோழர்கள் ரத்தம் சொரிந்தனரோ உங்கள் வேரினிலே’ என்று கேட்கிற பாட்டு. கேட்பவர்களுக்கு உடனே பிடிபடும். கவிஞர் தமிழ் ஒளியின் மே தினக் கவிதையிலிருந்து ஒரு பகுதி எடுக்கலாம், முழுவதும் வேண்டாம். பிஜிப் பாட்டை மெட்டில்லாமல் நிதானமாகப் படியுங்கள். மீதி நேரத்தைச் சங்கத்து ஆட்கள் யாராவது எழுதியிருந்தால் அவர்களுக்குக் கொடுத்துவிடுங்கள். யாரிடம் இருக்கிறது என்று இப்போதே விசாரிக்கத் தொடங்குங்கள், முதல் நாள் கேட்டால் கூச்சப்பட்டு இல்லை என்பார்கள்.