பரோக்: சிம்லா லைன்ல ஒரு குட்டி ஸ்டேஷன் (வாசகர் கேள்வி பதில்)

போன இதழ்ல கால்கா–சிம்லா ரயில் பத்தி எழுதினப்ப வழியில வர்ற பரோக் ஸ்டேஷனுக்கு நாலு வரிதான் ஒதுக்க முடிஞ்சுது. அந்த நாலு வரியைப் பிடிச்சுக்கிட்டு இத்தனை பேர் கேள்வி அனுப்பியிருக்கீங்க, ரொம்ப சந்தோஷம். அதனால இந்தத் தடவை முழுப் பக்கமும் பரோக்குக்குத்தான்.

திண்டுக்கல்லேர்ந்து ஒரு வாசகர்: பரோக்ங்கறது ஊரா, வெறும் ஸ்டேஷனா? நம்ம ஊட்டி ரயில் மாதிரிதானே அதுவும்?

சின்ன ஊர்தான் ஐயா, இமாச்சலப் பிரதேசத்துல சோலன் மாவட்டம். கீழ அடிவாரத்துல கால்கா, மேல சிம்லா, நடுவுல 96 கிலோமீட்டர் பாதை, 1903ல ரயில் ஓட ஆரம்பிச்சுது. கால்காலேர்ந்து பாதி தூரம் வர்றதுக்குக் கொஞ்சம் முன்னாடி, கடல் மட்டத்துலேர்ந்து 1,530 மீட்டர் உயரத்துல, பைன் மரக்காட்டுக்கு நடுவுல பரோக் வரும். ரோடு மேல போயிடுது, ஸ்டேஷன் கீழ பள்ளத்துல இருக்கு, அதனால கார்ல சிம்லா போறவங்கள்ல முக்காவாசிப் பேருக்கு இப்படி ஒரு ஸ்டேஷன் இருக்கறதே தெரியாது.

ஊட்டி ரயில் மாதிரியான்னா, பாக்க ஒரே ஜாடைதான், ஆனா வேலை செய்யற விதமே வேற. மேட்டுப்பாளையம்–ஊட்டி லைன் மீட்டர் கேஜ், அதாவது ரெண்டு தண்டவாளத்துக்கும் நடுவுல 1,000 மில்லிமீட்டர். கால்கா லைன் 762 மில்லிமீட்டர்தான். முதல்ல இன்னும் ஒல்லியா 610ல போடறதாத்தான் இருந்துச்சு, ராணுவம் பத்தாதுன்னு சொன்னதால மாத்தினாங்க. நம்ம பாதையில கல்லார்லேர்ந்து குன்னூர் வரைக்கும் 12 அடி போனா 1 அடி ஏத்தம், சக்கரம் வழுக்கிரும், அதுக்குத்தான் நடுவுல பல் தண்டவாளம். அங்க 33 அடிக்கு 1 அடிக்கு மேல ஏத்தம் வராத மாதிரி பாத்துப் போட்டிருக்காங்க, பல்லே தேவையில்ல, சாதா சக்கரமே ஏறிடும். ஆனா ஏத்தத்தை அப்படிக் குறைக்கணும்னா மலையைச் சுத்திச் சுத்தித்தானே போகணும், அதான் 900க்கு மேல வளைவு, இன்னிக்கும் உபயோகத்துல இருக்கற 102 குகை.

பரோக் தாண்டினதும் ஒண்ணு கவனிங்க, ரயில் ஏறாம இறங்கிப் போகும். அடுத்து வர்ற சோலன் ஸ்டேஷன் பரோக்கை விட ஏறக்குறைய 100 மீட்டர் பள்ளம். கண்டாகாட் தாண்டி மறுபடி ஏறணும். அதாவது முதல் பெரிய ஏத்தம் முடிஞ்சதும் வர்ற ஸ்டேஷன் இது.

நாமக்கல் கல்லூரி மாணவர்: தினம் கொஞ்ச ரயில்தான் போகுது, அதுக்கு எதுக்கு சார் ஸ்டேஷன் மாஸ்டர், பாயின்ட்ஸ்மேன் (தண்டவாளத்தை மாத்தி விடறவர்) எல்லாம்? டூரிஸ்ட்டுங்க டீ குடிக்க ஒரு ஸ்டேஷனா?

தம்பி, நீங்க கேட்டது நல்லதாப் போச்சு. டூரிஸ்ட்டுக்காக கட்டினதில்ல அது, டூரிஸ்ட்டு உயிரோட சிம்லா போய்ச் சேர்றதுக்காக கட்டினது.

ஒத்தை லைன் அது. மேல போற வண்டியும் கீழ வர்ற வண்டியும் அதே தண்டவாளத்துல, ரெண்டு பக்கமும் பாறை, பள்ளம், 20 அடிக்கு அப்பால வளைஞ்சு திரும்பிடுது, எதிர்ல வண்டி வந்தா டிரைவர் கண்ணுக்குத் தெரியற நேரத்துல பிரேக் போட்டு ஒண்ணும் பிரயோஜனமில்ல. அப்ப ரெண்டு வண்டி எங்க ஒதுங்கறது? ஸ்டேஷன்லதான். அங்க கிளை பிரியற லூப் லைன் இருக்கும், ஒரு வண்டி ஒதுங்கி நிக்கும், எதிர்வண்டி வந்து போனதும் இது கிளம்பும். இதைத்தான் ரயில்வேல கிராசிங்ம்பாங்க. அப்ப ஒரு ஸ்டேஷன்லேர்ந்து அடுத்த ஸ்டேஷன் வரைக்கும் இருக்கற பாதையில ஒரு நேரத்துல ஒரே ஒரு வண்டிதான் இருக்கணும், இதுல தப்பு நடக்கவே கூடாது.

அதுக்கு இந்த லைன்ல இருக்கறதுதான் நீல்ஸ் பால் டோக்கன். ஸ்டேஷன் மாஸ்டர் ரூம்ல ஒரு இரும்புப் பெட்டி, அதே மாதிரி பெட்டி அடுத்த ஸ்டேஷன்லயும், ரெண்டுக்கும் கரண்ட் கனெக்‌ஷன். உள்ள இரும்புக் குண்டுங்க. பரோக் மாஸ்டர் சோலனுக்கு வண்டி அனுப்பணும்னா மணி அடிச்சுக் கேப்பாரு, சோலன் மாஸ்டர் சரின்னு அங்கேர்ந்து கரண்ட் விட்டாத்தான் இங்க பெட்டியிலேர்ந்து ஒரே ஒரு குண்டு வெளிய வரும். வந்துடுச்சுன்னா அவ்வளவுதான், ரெண்டு பெட்டியும் பூட்டிக்கும், இந்தக் குண்டு ஏதாவது ஒரு பெட்டிக்குள்ள திரும்பப் போற வரைக்கும் யாரு என்ன பண்ணினாலும் இன்னொண்ணு வராது. அந்தக் குண்டை வளையம் வச்ச ஒரு பையில போட்டு டிரைவர் கையில குடுப்பாங்க, எந்த ஸ்டேஷன்லேர்ந்து எந்த ஸ்டேஷனுக்குன்னு அதுலயே பொறிச்சிருக்கும், அவர் அதைப் படிச்சுப் பாத்துட்டுத்தான் வண்டியை எடுக்கணும். சோலன் போனதும் ஒப்படைச்சுட்டு, அடுத்த பகுதிக்கு வேற குண்டு வாங்கிக்கணும். நம்ம ஊர் பழைய மீட்டர் கேஜ் லைன்கள்ல ஓடற வண்டியிலேர்ந்து கையை நீட்டி வளையத்தை வாங்கறதைப் பாத்தவங்க வீட்ல இருந்தா கேட்டுப் பாருங்க, அதே கதைதான்.

இதுல நான் மலைச்சுப் போறது எதுக்குன்னா, ரெண்டு தனித்தனி மனுஷங்க ஒத்துக்கணும், ஒருத்தர் தூக்கக் கலக்கத்துல தப்பு பண்ணினாலும் இன்னொருத்தர் ஒத்துக்காம பெட்டி திறக்காது. நூறு வருஷத்துக்கு முந்தின யோசனை, இன்னிக்கும் அதை விடச் சுலபமா புரியற பாதுகாப்பு ஏற்பாட்டை நான் பாத்ததில்ல. கம்ப்யூட்டர் சிக்னல் வர்றது தப்புன்னு சொல்லல. ஆனா மழை கொட்டி கரண்ட் போயி பாறை உருண்டு கிடக்கற ராத்திரியில அந்த இடத்துல ஆள் இருந்தாத்தான் வண்டியை நிறுத்த முடியும். அதனால பாயின்ட்ஸ்மேனை வெட்டியா நிக்கற ஆளுன்னு நினைக்காதீங்க தம்பி.

கோயம்புத்தூர் வாசகி: ஒரு ரூபாய் அபராதம் போட்டதால ஒரு இன்ஜினியர் தற்கொலை பண்ணிக்கிட்டாராமே, நிஜமா? அவர் பேருதான் ஸ்டேஷனுக்காமே?

ஆமாங்க, அவர் பேருதான். கர்னல் பரோக்னு ஒரு இங்கிலீஷ்கார இன்ஜினியர். குமார்ஹட்டி பக்கத்துலேர்ந்து சோலன் பக்கத்துக்கு வரணும்னா குறுக்க ஒரு மலை, அதைக் குடையற பொறுப்பு அவருக்கு. சீக்கிரம் முடியணும்னு ரெண்டு பக்கத்துலேர்ந்தும் தோண்ட விட்டாராம், ரெண்டும் நடுவுல சந்திக்கவே இல்லையாம், அரசாங்கத்துப் பணத்தை வீணாக்கினதுக்கு ஒரு ரூபாய் அபராதம் போட்டாங்களாம், அவமானம் தாங்காம சுட்டுக்கிட்டாராம். ஊர்ல வழிவழியா சொல்ற கதை இது, நானும் கதைன்னுதான் சொல்றேன்.

அப்புறம் சீஃப் இன்ஜினியர் ஹாரிங்டன் பொறுப்புல அந்த இடத்தை விட்டுத் தள்ளி வேற குகை தோண்டினாங்க. 1900லேர்ந்து 1903க்குள்ள முடிஞ்சுது, அந்தக் காலத்துலயே 8 லட்சத்து 40 ஆயிரம் ரூபாய் செலவு. 33ம் நம்பர் குகை அது, நீளம் 1,143 மீட்டர், இந்த லைன்லயே பெரிசு.

ரெண்டு பக்கத்துலேர்ந்து தோண்டறது அவ்வளவு கஷ்டமான்னு கேப்பீங்க. இந்த நீளத்துக்கே கணக்கு போடுங்க, ஒரு பக்கத்துலேர்ந்து நேரா வந்து, இன்னொரு பக்கத்துலேர்ந்து 1 டிகிரி, ஒரே ஒரு டிகிரி திரும்பிட்டாக் கூட நடுவுக்கு வர்றப்ப 10 மீட்டர் விலகிப் போயிடும். ஒரு பக்கத்துலேர்ந்து பாத்தா மறுபக்கம் தெரியாது, நடுவுல முழு மலை, மேல ஏறி இறங்கி அளந்துதான் திசையைக் கொண்டு வரணும். அதை நினைச்சுப் பாத்தா கர்னல் பரோக் மேல எனக்குக் கோபம் வரல, பாவமாத்தான் இருக்கு.

இதுல இன்னொருத்தர் முக்கியம், பாபா பல்கு. படிப்பு கிடையாது, அந்த மலைக்காரரு. கையில தடியை வச்சுக்கிட்டு பாறையைத் தட்டி, சத்தத்தை வச்சே எங்க குடையலாம்னு காட்டினாருன்னு சொல்றாங்க. சிம்லாவுல இருக்கற ரயில் மியூசியத்துக்கு அவர் பேருதான். ஆனா குகைக்குள்ள இறங்கி, புகையையும் தூசியையும் முழுங்கிக்கிட்டு வெட்டின கூலிக்காரங்க ஒருத்தர் பேரும் ஊருக்கோ ஸ்டேஷனுக்கோ இல்லையேன்னு எனக்கு மனசு ஆறமாட்டேங்குது. அங்க போறவங்க போட்டோ எடுக்கறதுக்கு முன்னாடி அவங்களைக் கொஞ்சம் நினைச்சுக்கோங்க.

தஞ்சாவூர் வாசகர்: அந்தக் குகையில பேய் இருக்குன்னு வீடியோ வீடியோவா வருதே?

இல்லீங்க. ஒரு மனுஷன் செத்ததா சொல்ற கதையை வச்சு வியூஸ் வாங்கறது எனக்குச் சுத்தமா பிடிக்கல. அந்தப் பழைய பாதிக் குகையைத் தேடிக்கிட்டு காட்டுக்குள்ள போறவங்க தயவுசெஞ்சு உள்ள நுழையாதீங்க, நூறு வருஷத்துக்கு மேல பராமரிப்பே இல்லாத பாறை, எப்ப விழும்னு சொல்ல முடியாது.

விருதுநகர் வாசகர்: உள்ளூர் ஜனங்க இந்த ரயில்ல போறாங்களா? நஷ்டத்துல ஓடற லைனை எதுக்கு இழுத்துப் பிடிக்கணும்?

உண்மையைச் சொல்லணும்னா அவசரமா சிம்லா போறவங்க பஸ்ல போயிடறாங்க. ரயில் மணிக்கு 25 கிலோமீட்டர்கிட்டதான் போகும், கால்காலேர்ந்து மேல போய்ச்சேர அஞ்சு மணி நேரம் ஆயிடும். நஷ்டம்ங்கறதும் புதுசில்ல, ஆரம்பத்துலயே கட்டின கம்பெனிக்குக் கட்டுப்படி ஆகாம 1906ல அரசாங்கமே வாங்கிடுச்சு.

ஆனா வரவு செலவை மட்டும் பாத்து முடிவு பண்ற விஷயம் இல்ல இது. டார்ஜிலிங் லைன் 1999லயும், நம்ம நீலகிரி லைன் 2005லயும், இது 2008லயும் யுனெஸ்கோவோட உலகப் பாரம்பரியப் பட்டியல்ல சேந்துச்சு. அங்க மதிக்கறது இன்ஜினையும் பாலத்தையும் மட்டுமில்ல, இன்னும் நிஜமா ஓடிக்கிட்டிருக்கற ரயிலை. நிறுத்திட்டு மியூசியமா வச்சா குண்டு எடுக்கத் தெரிஞ்ச கை போயிடும், காட்டு வழியில தண்டவாளம் பாத்து நடக்கற கால் போயிடும், அதைத் திரும்பக் கொண்டு வரவே முடியாது.

2023 மழையில என்ன ஆச்சுன்னு ஞாபகம் இருக்கும். ஜூலைலயே ஏகப்பட்ட இடத்துல சரிஞ்சு லைன் நின்னு போச்சு. ஆகஸ்ட் 14ம் தேதி சிம்லாவை ஒட்டின சம்மர் ஹில்ல மண் சரிஞ்சு சிவன் கோயில்ல இருந்த ஜனங்க மேலயே விழுந்து 20 பேர் போயிட்டாங்க, அங்க ரயில் பாதைக்கு அடியில இருந்த மண்ணும் அடிச்சுக்கிட்டுப் போயி தண்டவாளம் மட்டும் அந்தரத்துல தொங்குச்சு. அக்டோபர்ல மறுபடி ரயில் விட்டாங்க. இந்த மாதிரி சமயத்துல வழியில இருக்கற சின்னச் சின்ன ஸ்டேஷன் திறந்திருந்தாத்தான், சரியா இருக்கற பகுதி வரைக்குமாவது வண்டி விட முடியும், வேலைக்கு ஆளையும் சாமானையும் கொண்டு போக முடியும். பரோக் மாதிரி இடத்தை ஆள் இல்லாம மூடினா ஒண்ணும் குறையாதுன்னு நினைக்கறவங்களுக்கு என் பதில் இதுதான்.

மதுரை வாசகி: குடும்பத்தோட போகணும், எப்படிப் போறது? பரோக்ல இறங்கினா சாப்பாடு கிடைக்குமா தம்பி?

மதுரையிலேர்ந்தே சண்டிகருக்கு நேரா ரயில் இருக்கு அக்கா, தினம் கிடையாது, நாளைப் பாத்து புக் பண்ணுங்க. சண்டிகர்லேர்ந்து கால்கா பக்கம்தான். கால்காவுல அகல ரயிலை விட்டு இறங்கினா அதே ஸ்டேஷன்ல குட்டி ரயில் நிக்கும். சீட் சீக்கிரம் தீந்துடும், லீவு நாள்னா இன்னும் மோசம், ஊர்லேர்ந்தே ரிசர்வ் பண்ணிட்டுக் கிளம்புங்க.

பரோக்ல பத்து நிமிஷம் மாதிரி வண்டி நிக்கும். சூடா கட்லெட், பிரெட், டீ கிடைக்கும், நீராவி இன்ஜின் காலத்துலேர்ந்தே சாப்பாட்டுக்கு நிறுத்தற ஸ்டேஷன் அது. குரங்குத் தொல்லை உண்டு, பசங்க கையில தின்பண்டத்தைக் குடுத்துட்டு வேடிக்கை பாத்துக்கிட்டு நிக்காதீங்க. ராத்திரி தங்கணும்னா ரயில்வே ரூமும் இருக்கு, இமாச்சல் சுற்றுலாக் கழகத்தோட பைன்வுட் ஹோட்டலும் இருக்கு. என்னைக் கேட்டா ஒரு ராத்திரி தங்குங்க, ஒரு வண்டி போயி அடுத்த வண்டி வர்ற வரைக்கும் அந்த ஸ்டேஷன்ல என்னென்ன வேலை நடக்குதுன்னு அப்பத்தான் தெரியும். மாஸ்டர் ஓய்வா இருந்தா பெட்டியைப் பாக்கலாமான்னு மரியாதையா கேளுங்க, வண்டி வர்ற நேரத்துல மட்டும் அவரைத் தொந்தரவு பண்ணாதீங்க.

குளிர் காலத்துல போனா நல்ல கம்பளி வேணும். ஜூலை, ஆகஸ்ட் வேண்டவே வேண்டாம், காரணம் மேல சொல்லிட்டேன்.

சேலம், ஆறாம் வகுப்பு மாணவி: அந்தப் பெரிய குகைக்குள்ள எவ்வளவு நேரம் இருட்டா இருக்கும் மாமா?

நீயே கணக்கு போடலாம் கண்ணு. நீளம் 1,143 மீட்டர், வண்டி மணிக்கு 25 கிலோமீட்டர், வகுத்துப் பாரு, 3 நிமிஷத்துக்குக் கொஞ்சம் கம்மியா வரும். நேரான குகைதான். கால்கா பக்கத்துலேர்ந்து போறப்ப குகை முடிஞ்ச உடனே ஸ்டேஷன் வந்துடும். ஜன்னலுக்கு வெளிய மட்டும் கையை நீட்டாத, சுவர் ரொம்பக் கிட்டக்க இருக்கும்.