எங்கள் லயத்து வாசலில் ஓர் உப்பளக் கதை

கேள்வி: உங்கள் வாழ்க்கையில் உண்மையான மாற்றத்தை உண்டாக்கிய பெண் நாவலாசிரியர் யார்? அவர் விட்டுச்சென்றது என்ன?

ராஜம் கிருஷ்ணன். குறிப்பாக அவருடைய ‘கரிப்பு மணிகள்’. தூத்துக்குடி உப்பளத் தொழிலாளர்களைப் பற்றிய நாவல் அது. நான் அதைப் படித்தது மலேசியாவின் கெடா மாநிலத்தில், பீடோங் பக்கத்து ரப்பர் தோட்டத்து லயத்தில், அதாவது தொழிலாளர்களின் வரிசை வீட்டில். எனக்காக மட்டும் படிக்கவில்லை, பால்மரம் வெட்டிக்கொண்டிருந்த என் அம்மாவுக்காகச் சத்தம் போட்டுப் படித்தேன். அந்தக் கதைக்கு வருவதற்கு முன்னால் எழுத்தாளர் லட்சுமியைச் சொல்லவேண்டும். எங்கள் வீட்டுக்கு முதலில் வந்தவர் அவர்தான்.

அம்மாவுக்கு எழுத்து தெரியாது. வீட்டுக்கு மூத்தவர். தம்பி தங்கைகளை இடுப்பில் தூக்கி வைத்துக்கொள்ளவும், கொஞ்சம் வளர்ந்ததும் மரத்தில் காய்ந்து ஒட்டியிருக்கும் ஒட்டுப்பால் பொறுக்கவும் போய்விட்டார். தோட்டத்தில் தமிழ்ப்பள்ளி இருந்தது, நூறடி தூரத்தில். அந்த நூறடியை அவர் தாண்டவில்லை. நான் நாலாம் வகுப்புக்கு வந்தபோது, அதாவது 1976இல், அம்மா ஒரு காகிதக் கட்டைக் கொண்டுவந்து என் மடியில் வைத்தார். மெட்ராஸிலிருந்து வரும் வாரப் பத்திரிகைகளில் வந்த தொடர்கதையைத் தோட்டத்துக் குமாஸ்தாவான கிராணியின் வீட்டம்மா வாராவாரம் கிழித்துச் சேர்த்து, கோணி ஊசியில் தைத்து, பழைய காலண்டர் தாளில் அட்டை போட்டு வைத்திருந்தார். தைத்த தையலில் பக்கத்தின் ஓரமெல்லாம் உள்ளே போய்விட்டது. முதல் இரண்டு வாரமும் இல்லை, கடைசி வாரமும் இல்லை. கதையின் பெயர்கூட எங்களுக்குத் தெரியாது. எழுதியவர் ‘லட்சுமி’ என்பது மட்டும் தெரியும்.

அந்தக் கட்டு ஐந்து லயங்களைச் சுற்றி வந்தது. பக்கங்களின் கீழ்மூலை ஒவ்வொன்றிலும் பழுப்பாக ஒரு விரல் ரேகை இருக்கும். பால் காய்ந்த விரலால் புரட்டியது. வெயில் நாளில் அந்த இடம் பிசுபிசுத்து இரண்டு பக்கம் ஒட்டிக்கொள்ளும், நகத்தால் பிரித்துத்தான் படிக்கவேண்டும். எழுத்து தெரியாத பெண்கள் ஏன் பக்கத்தைப் புரட்டினார்கள் என்று எனக்கு அப்போது புரியவில்லை. படம் பார்ப்பதற்கு என்று நினைத்தேன். படமே இல்லாத பக்கங்களிலும் ரேகை இருந்தது.

கடைசி வாரம் இல்லாததால் முடிவை அவரவர் சொல்லிக்கொண்டார்கள். குழாயடியில் இதே பேச்சுதான். ‘அவன் திரும்பி வந்தாலும் அவ கதவத் தொறக்கக் கூடாது’ என்பது அம்மா கட்சி.

பிற்காலத்தில்தான் லட்சுமியின் வாழ்க்கையைத் தெரிந்துகொண்டேன். இயற்பெயர் திரிபுரசுந்தரி. 1921இல் பிறந்தவர். மருத்துவம் படிக்கப் பணம் போதாமல், படிப்புச் செலவுக்காகப் பத்திரிகைக்குக் கதை எழுத ஆரம்பித்து, டாக்டரும் ஆனார், தமிழ்நாடே வாராவாரம் காத்திருந்த நாவலாசிரியரும் ஆனார். திருமணமாகி 1955இல் தென்னாப்பிரிக்கா போனவர், இருபது வருடத்துக்கு மேல் அங்கேயே இருந்தார். நான் வாசலில் உட்கார்ந்து படித்துக்கொண்டிருந்த 1976இலும் அவர் அங்கேதான். எங்களைப் போலவே கப்பலேறிப் போனவர்களின் பேரப்பிள்ளைகள் நடுவில். பிறகு ஊர் திரும்பி, ‘ஒரு காவிரியைப் போல’ நாவலுக்கு 1984இல் சாகித்திய அகாதெமி விருது வாங்கி, 1987இல் காலமானார். ‘குடும்பக் கதை’ என்று அவரை ஒரே வார்த்தையில் தள்ளிவிடுபவர்களை நான் பார்த்திருக்கிறேன். அவர்கள் குழாயடியில் நின்று கேட்டிருந்தால் அப்படிச் சொல்லமாட்டார்கள். வேலைக்குப் போகும் பெண், சம்பாதிக்கும் பெண், புருஷனிடம் கேள்வி கேட்கும் பெண் என்று எங்கள் லயத்தில் பேச்சு தொடங்கியதே அந்தக் கட்டிலிருந்துதான்.

இருந்தாலும் ஒன்று இருந்தது. அந்தக் கதைப் பெண்களின் வீட்டில் ஊஞ்சல் இருக்கும், கூடம் இருக்கும், வெள்ளி டம்ளர் இருக்கும். அம்மா ஆசையாகக் கேட்பார், ஆனால் வேறு ஊர்க் கதையாகத்தான் கேட்பார். தன் வேலை ஒரு புத்தகத்துக்குள் வரக்கூடியது என்று அவருக்குத் தோன்றியதில்லை. எனக்கும் தோன்றியதில்லை.

பள்ளியில் ஐந்தாம் படிவம் முடித்து நான் சுங்கை பட்டாணியில் எலக்ட்ரானிக் தொழிற்சாலைக்குப் போனேன். எங்கள் தோட்டத்துப் பெண்பிள்ளைகளில் பாதிப்பேர் போன வழி அது. விடிகாலையில் கம்பெனி பஸ் சடக்கோரம், சாலையோரம், வந்து நிற்கும். 1992இல் ஓவர்டைம் காசு கையில் இருந்த ஒரு ஞாயிற்றுக்கிழமை, பினாங்கில் ஒரு தமிழ்ப் புத்தகக் கடையில் ‘கரிப்பு மணிகள்’ கிடைத்தது. பஸ்ஸில் படிக்க ஆரம்பித்தேன். இரண்டாம் நாளே தெரிந்துவிட்டது, இதைத் தனியாகப் படித்து முடிப்பது சரியில்லை என்று.

அன்று ராத்திரி சாப்பிட்டபின் வாசலில் உட்கார்ந்து முதல் பக்கத்திலிருந்து திரும்பத் தொடங்கினேன். அம்மா காலை நீட்டி, குதிகால் வெடிப்புக்கு விளக்கெண்ணெய் தடவிக்கொண்டிருந்தார். கொஞ்ச நேரத்தில் கை நின்றுவிட்டது.

‘கூலி எவ்வளவுன்னு போட்டிருக்கா அந்தம்மா?’ என்றார். எந்தக் கதைக்கும் இதுவரை அம்மா கேட்காத கேள்வி. பிறகு, ‘அந்தத் தண்ணியில கால் எப்படித் தாங்கும்? என்னாத்த தடவுவாங்க?’ பிறகு, ‘பிள்ளையை யாரு பார்த்துக்குவா? அங்க ஆயாக்கொட்டகை இருக்கா?’ பொன்னாச்சி என்ற அந்தப் பெண் யாரைக் கட்டிக்கொள்வாள் என்று அம்மா ஒருமுறைகூடக் கேட்கவில்லை.

நாலைந்து இரவு ஆனது. உப்பளத்தில் மேலே இருக்கும் ஆண்களிடம் பெண்கள் படும் தொல்லை வரும் இடத்தை நான் வேகமாகப் படித்துக் கடந்தேன், அம்மா முன்னால் படிக்கக் கூச்சமாக இருந்தது. ‘அந்த எடத்த இன்னொரு தடவ படி, மெதுவா’ என்றார். படித்தேன். விளக்கெண்ணெய் கிண்ணத்தை மூடி ஓரமாக வைத்தார். அதற்குப் பிறகு அம்மா சொன்னதை நான் 26 வயதுவரை கேட்டதில்லை. தோட்டத்தின் ஓரத்தில், பெலுக்கார் என்ற புதர்க்காட்டை ஒட்டி ஒரு நிரை, ஒருவர் வெட்டவேண்டிய மரங்களின் வரிசை. விடியாத இருட்டில் அந்த நிரைக்குப் போக எந்தப் பெண்ணும் சம்மதிக்கமாட்டாள். பெரட்டில், அதாவது காலையில் பெயர் கூப்பிடும் இடத்தில், அந்த நிரை யாருக்கு என்று மேற்பார்வை பார்க்கும் ஒரு மண்டோர் கூப்பிடும் பெயரைக் கேட்டாலே, அவளிடம் அவனுக்கு என்ன கோபம் என்று மற்றவர்களுக்குத் தெரிந்துவிடும். அம்மாவின் பெயரும் ஒரு மாதம் முழுக்கக் கூப்பிடப்பட்டது. பக்கத்து நிரைக்காரப் பெண்கள் இரண்டு பேர் தங்கள் மரத்தை வெட்டிக்கொண்டே மாற்றி மாற்றி அம்மாவுக்குக் குரல் கொடுத்தபடி இருந்திருக்கிறார்கள், வெளிச்சம் வரும்வரை. பாட்டு மாதிரிக் கேட்குமாம்.

ராஜம் கிருஷ்ணன் விட்டுச்சென்றது என்ன என்று கேட்டால் எனக்கு இதுதான் பதில். முசிறியில் பிறந்த ஒருவர், தூத்துக்குடியைப் பற்றி எழுதிய புத்தகம், பீடோங்கில் ஒரு தாயின் வாயைத் திறந்தது.

அவர் எப்படி எழுதினார் என்பதையும் சொல்லவேண்டும், ஏனென்றால் அம்மா கேட்ட கேள்விகளுக்கெல்லாம் அந்த எழுத்து முறையில்தான் விடை இருக்கிறது. 1925இல் பிறந்தவர். 15 வயதில் கல்யாணம். கல்லூரி வாசல் மிதிக்கவில்லை. கணவர் மின்சாரத் துறைப் பொறியாளர், அவருக்கு மாற்றல் ஆகும் ஊருக்கெல்லாம் இவரும் போனார். போன இடத்தில் வீட்டுக்குள் உட்காரவில்லை. நீலகிரியில் இருந்தபோது படகர்களோடு பழகி, மலைக்கு அணையும் மின்சாரமும் வரும்போது அவர்கள் வாழ்க்கை என்ன ஆகிறது என்பதைப் பார்த்து ‘குறிஞ்சித்தேன்’ எழுதினார். மீனவர்களுக்கு ‘அலைவாய்க்கரையில்’, வயல் கூலிகளுக்கு ‘சேற்றில் மனிதர்கள்’, சிவகாசித் தீப்பெட்டிப் பிள்ளைகளுக்கு ‘கூட்டுக்குஞ்சுகள்’. ஒவ்வொன்றுக்கும் நேரில் போய், அவர்களோடு பேசி, பார்த்து வந்து எழுதினார். சம்பல் பள்ளத்தாக்குக் கொள்ளையர்களையும் போய்ப் பார்த்து வந்து ‘முள்ளும் மலர்ந்தது’ எழுதினார். 1973இல் ‘வேருக்கு நீர்’ நாவலுக்குச் சாகித்திய அகாதெமி கிடைத்தது. எனக்கு விருதைவிட அந்தப் பயணங்கள் பெரியவை. ஒரு பெண், அந்தக் காலத்தில், முன்பின் தெரியாத ஊரில் போய் ‘உங்கள் வேலையைச் சொல்லுங்கள்’ என்று கேட்பது எவ்வளவு பெரிய மரியாதை! அம்மாவிடம் அவர் வேலையைப் பற்றி யாருமே கேட்டதில்லை. எத்தனை கிலோ என்று மட்டும்தான் கேட்டார்கள்.

அவருடைய கடைசிக் காலம் என்னை இன்றும் அறுக்கிறது. பிள்ளைகள் இல்லை. கணவர் போனபின் கையிலிருந்ததும் கரைந்து, முதியோர் இல்லத்துக்கும் பிறகு மருத்துவமனைக்கும் போய்ச் சேர்ந்தார். பொதுவாக எழுத்தாளர் இறந்தபின்தான் நூல்களை நாட்டுடைமை ஆக்குவார்கள். இவர் உயிரோடு இருக்கும்போதே 2009இல் தமிழக அரசு ஆக்கியது. 2014 அக்டோபரில் காலமானார். அந்த நாட்டுடைமையால்தான் அவர் நாவல்கள் இன்று இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன, என் கைப்பேசியிலும் இருக்கின்றன. மற்றவர்களின் வாழ்க்கையைத் தேடித் தேடி எழுதியவருக்குத் தன் முதுமையில் ஒரு சொந்தக் கூரை இல்லாமல் போனதை நினைத்தால் அந்த இலவசம் எனக்குக் கசக்கிறது.

இவருக்கும் முன்னால் வை.மு. கோதைநாயகி அம்மாள். இவரைப் பற்றிச் சொன்னபோதுதான் அம்மா அதிகமாக ஆச்சரியப்பட்டார். 1901இல் பிறந்து, ஐந்தரை வயதில் கல்யாணம். கதை கட்டிச் சொல்லத் தெரியும், எழுதத் தெரியாது. முதல் நாடகத்தை அவர் வாயால் சொல்ல, தோழி பட்டம்மாள் எழுதினார். பிறகு தானே எழுதக் கற்று, 1925 முதல் ‘ஜகன்மோகினி’ பத்திரிகையை நடத்தி, 115 நாவல் எழுதினார். கள்ளுக்கடை மறியலில் நின்றவர், 1932இல் சிறைக்கும் போனவர். சிறையிலும் எழுதினார். ‘கள்ளுக்கடைக்கா!’ என்று அம்மா நிமிர்ந்து உட்கார்ந்தார். எங்கள் வட்டாரத்துக்கு அது அந்நியமான செய்தி இல்லை. யுத்தம் முடிந்தபின், 1946, 47 வாக்கில், பீடோங் ஹார்வர்டு தோட்டத்தில் ஆரம்பித்து தொண்டர் படை கள்ளுக்கடைகளை எதிர்த்து நின்ற கதையைப் பாட்டி சொல்லி அம்மா வளர்ந்தவர். ‘அப்ப அந்தம்மாவுக்கும் எழுதத் தெரியாதா?’ என்று மட்டும் இரண்டு தடவை கேட்டுக்கொண்டார்.

எங்கள் நாட்டுக்கு வருகிறேன். எங்கள் பீடோங் ஒரு நாவலாசிரியரைத் தந்திருக்கிறது: கே.எஸ். மணியம், 1942இல் இங்கே பிறந்தவர். ஆங்கிலத்தில் எழுதினார். 1981இல் வந்த ‘தி ரிட்டர்ன்’ நாவலில் வரும் பாட்டி பெரியத்தாயை நான் மறக்கமாட்டேன். பெண்களில் ராணி மணிக்காவின் ‘தி ரைஸ் மதர்’, பிரீதா சமரசனின் ‘ஈவ்னிங் இஸ் தி ஹோல் டே’ இரண்டும் உலகம் முழுக்கப் போயின. முதலாவது இலங்கைப் பெண் மலாயா வந்த கதை, இரண்டாவது ஈப்போவில் ஒரு பெரிய வீட்டின் கதை. அந்த வீட்டு வேலைக்காரப் பெண் செல்லத்தின் பக்கத்தில் நான் அதிக நேரம் நின்றேன். தமிழில் நிர்மலா பெருமாள் போன்றவர்கள் இங்கே விடாமல் எழுதியிருக்கிறார்கள். ஞாயிற்றுக்கிழமைப் பத்திரிகைப் பக்கங்கள்தான் அவர்களுக்கு வீடு. ஆனால் பால்வெட்டு வேலையை அதன் இருட்டோடும் வாடையோடும் ஒரு பெண்ணின் கை வழியாகச் சொல்லும் நாவல், நான் தேடிப் படித்தவரை, எனக்கு இன்னும் கிடைக்கவில்லை. வெட்டிய கைகள் எழுதவில்லை. எழுதிய கைகள் பெரும்பாலும் பார்த்து எழுதின.

எங்கள் தோட்டம் இன்று இல்லை. முதலில் செம்பனை ஆனது, பிறகு வீடமைப்புத் திட்டம். அம்மாவுக்கு 82 வயது, என்னோடு தாமானில், குடியிருப்புப் பகுதியில், இருக்கிறார். மூன்று வருடமாக அவர் சொல்லச் சொல்ல நான் எழுதுகிறேன். நாவல் ஆகுமா என்று யோசிக்கவில்லை, முதலில் வேலையை எழுதுகிறேன். பழைய ஒட்டுப்பாலை உரித்தெடுப்பது, உளியைச் சாய்த்துப் பிடிப்பது, பட்டையை மெல்லிசாகச் சீவுவது, கொஞ்சம் ஆழமாகிவிட்டால் மரத்தில் காயம் விழுந்து முண்டு கட்டிக்கொள்வது, அதற்கு மண்டோர் போடும் சத்தம், பால் வடியும் கிண்ணமான மங்கைத் துடைத்துக் கவிழ்க்காமல் வைப்பது, மழை வந்தால் அத்தனையும் வீண்.

ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் ‘எழுதினத படி’ என்பார். போன வாரம் படித்தேன். ஒரு நாளைக்கு 400 மரம் என்று எழுதியிருந்தேன். கண்ணை மூடிக் கேட்டுக்கொண்டிருந்தவர் கையை உயர்த்தி நிறுத்தினார்.

‘என் நிரையில 420 மரம். அந்த 20ஐ எங்க விட்ட?’

அடித்துத் திருத்தினேன். திருத்திய இடத்தைக் காட்டச் சொல்லி, அந்த எண்ணின் மேல் விரலை வைத்துப் பார்த்தார்.